காகிதத்தில் மடித்த கொட்டை

பெனோ மூச்சை உள்ளே இழுக்கும்போதெல்லாம் எண்ணெய் காணாத கதவைத் திறப்பதுபோல ஒரு சத்தம் வந்தது. மூன்று நாளாக டெபோரா அந்தச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டே சமைத்தாள், கேட்டுக்கொண்டே ஜெபித்தாள், கேட்டுக்கொண்டே தூங்காமல் கிடந்தாள். சத்தம் வந்தால் பயம். நடுவில் ஒரு நொடி நின்றுபோனால் அதைவிடப் பெரிய பயம். இரண்டரை வயதுப் பிள்ளை அவள் தோளில் சாய்ந்து, ஒவ்வொரு மூச்சுக்கும் கழுத்துக்குழி உள்வாங்கப் போராடிக்கொண்டிருந்தான்.

ஏரலில் பார்த்த டாக்டர் சளி என்று சொல்லி மருந்து கொடுத்தார், முகமூடி மாட்டிப் புகையும் வைத்தார். அடங்கவில்லை. இன்று காலையில் அவரே அரண்டுபோய், உடனே பாளையங்கோட்டைக்குக் கொண்டுபோங்கள் என்று சீட்டு எழுதிக் கொடுத்துவிட்டார். ஸ்ரீவைகுண்டம் தாண்டிக் கார் வேகமெடுத்தபோது டெபோரா ஒரு சங்கீதத்தைத் தொடங்கினாள். இரண்டாவது வரி ஞாபகம் வரவில்லை. முதல் வரியையே செய்துங்கநல்லூர் வரைக்கும் திரும்பத் திரும்பச் சொல்லிக்கொண்டு வந்தாள்.

அவளுடைய கைப்பையில் ஒரு சின்னக் காகிதப் பொட்டலம் இருந்தது. அது இருப்பது பக்கத்தில் உட்கார்ந்திருந்த புருஷன் பாக்கியசீலனுக்குத் தெரியாது. தெரியக்கூடாது என்றுதான் மூன்று நாளாக அவள் வாயைத் திறக்கவில்லை.

நடந்தது இதுதான். சனிக்கிழமை சாயங்காலம் அவள் சீத்தாப்பழத்தைப் பிட்டுப் பிள்ளைக்கு ஊட்டிக்கொண்டிருந்தாள். கொட்டையை எடுத்துவிட்டுத்தான் ஊட்டினாள். நடுவில் போன் அடித்தது. எடுத்துப் பேசித் திரும்புவதற்குள் பயல் ஒரு துண்டை அவனே பிய்த்து வாயில் போட்டுக்கொண்டு, சிரித்தபடி முற்றத்தில் ஓடினான். ஓட்டத்திலேயே இருமல் பிடித்தது. முகம் நீலம் பாய்ந்து, கண் பிதுங்கி, சத்தமே இல்லாமல் வாயை மட்டும் திறந்து மூடினான். அவள் அலறிக்கொண்டு முதுகில் தட்டினாள். பிறகு மூச்சு திரும்பி அழுகை வந்தது. ஆனால் மூச்சோடு இந்தச் சத்தமும் கூட வந்துவிட்டது.

பாக்கியசீலன் அப்போது வீட்டில் இல்லை. பக்கத்து வீட்டுக்காரி எட்டிப் பார்த்து, "தொண்டையில என்னமும் சிக்கியிருக்கும். கோமுக்கா கிட்ட தூக்கிட்டுப் போ, ஒரு நிமிஷத்துல எடுத்துருவா" என்றாள். பிள்ளைகள் எதையாவது விழுங்கித் தொண்டையில் சிக்கினால் தடவி எடுக்கிறவர்கள் அந்த ஆற்றங்கரை ஊர்களில் உண்டு. தொக்கம் எடுப்பது என்று அதற்குப் பெயர். டெபோரா யோசிக்கவே இல்லை. பிள்ளையை மார்போடு அணைத்துக்கொண்டு ஆட்டோவில் ஏறினாள்.

"என்ன தின்னான்?" என்று கோமு முதலில் கேட்டாள். சீத்தாப்பழம் என்று டெபோரா சொன்னாள். கோமு உள்ளே போய்க் கை கழுவிவிட்டு வந்தாள். பெனோவை மடியில் கிடத்தித் தொண்டையை மேலிருந்து கீழே மூன்று தடவை நீவினாள். வாய்க்குள் விரலை விட்டாள். "இந்தா, வந்துட்டு" என்று உள்ளங்கையை நீட்டினாள். கறுப்பாக, பளபளவென்று, ஒரு சீத்தாப்பழக் கொட்டை. டெபோரா கர்த்தருக்கு ஸ்தோத்திரம் சொல்லிவிட்டு அழுதாள். அந்தக் கொட்டையைக் காகிதத்தில் மடித்து வைத்துக்கொண்டாள். ஏன் வைத்துக்கொண்டாள் என்று கேட்டால் அவளுக்கே தெரியாது.

இதைப் போய்ப் பாக்கியசீலனிடம் எப்படிச் சொல்வது? அவன் மிஷன் பள்ளிக்கூடத்தில் அறிவியல் வாத்தியார். எட்டாம் வகுப்புக்குத் தொண்டையைப் படம் போட்டு, சோறு போகிற குழாய் வேறு, மூச்சு போகிற குழாய் வேறு என்று பிரம்பால் தட்டிக் காட்டுகிறவன். போன மாதம்தான் கோவில் வாலிபர் கூட்டத்தில், தொக்கம் எடுக்கப் போகிற பெண்களை நார் நாராகக் கிழித்து எல்லோரையும் சிரிக்க வைத்தான். முன்வரிசையில் உட்கார்ந்து டெபோராவும்தான் சிரித்தாள். அதனால் அன்று அவன் வீட்டுக்கு வந்து, "பயலுக்கு என்னட்டி செய்யுது?" என்று கேட்டபோது, "சளிதாங்க" என்று சொல்லிவிட்டாள். கொட்டைதான் வந்துவிட்டதே என்று மனசுக்கும் சமாதானம் சொல்லிக்கொண்டாள்.

பாளையங்கோட்டை ஆஸ்பத்திரியில் காது, மூக்கு, தொண்டை டாக்டர் சிவசண்முகம் பெனோவைத் தொடவே இல்லை. இரண்டடி தள்ளி நின்று கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்தார்.

"அம்மா மடியிலேயே இருக்கட்டும். அழ வைக்காதீங்க, அழுதா இன்னும் அடைக்கும். ஏம்மா, சத்தம் இழுக்கும்போது வருதா, விடும்போதா?"

"இழுக்கும்போதுதான் கூட வருது சார்."

"அப்ப கோளாறு நுரையீரல்ல இல்ல. மேல, தொண்டைப் பக்கந்தான் அடைப்பு. எதனால அடைச்சிருக்குங்கறதத்தான் கண்டுபிடிக்கணும்." அவர் குரலை உயர்த்தாமல் பேசினார். "சளிக்காய்ச்சல்ல மூச்சு வழி வீங்கினா இப்படி வரும். உள்ள சீழ் கட்டினாலும் வரும். ஆனா அதுக்குக் காய்ச்சல் கொதிக்கும், எச்சில் முழுங்க முடியாம வடியும். இவனுக்கு ரெண்டும் இல்ல. பைய பைய வந்துதா, திடீர்னு வந்துதா?"

டெபோரா வாயைத் திறப்பதற்குள் பாக்கியசீலன் முந்திக்கொண்டான். "சளி பிடிச்சு வந்தது சார்."

"எதையாவது முழுங்கினானா?"

"அதெல்லாம் இல்ல சார். நான் சயின்ஸ் டீச்சர். வீட்டுல அதெல்லாம் கவனமா இருப்போம்."

டாக்டர் ஏரலில் எடுத்திருந்த எக்ஸ்ரேயை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். அதில் ஒன்றும் இல்லை. "சரி, வீக்கம்னு வச்சு மருந்து குடுப்போம். நாளைக்குக் காலைல வரைக்கும் பாப்போம்" என்று சொல்லி, நர்ஸ் பக்கம் திரும்பினார்.

அப்போது பெனோ இருமினான். டெபோராவின் கை அவன் கழுத்தடியில் இருந்தது. இருமலோடு உள்ளே எதுவோ 'டக்' என்று அவள் விரலில் தட்டியது. இந்தத் தட்டலை சனிக்கிழமையிலிருந்தே அவள் அறிவாள். கோழை என்று நினைத்திருந்தாள், அல்லது அப்படி நினைக்க வேண்டும் என்று இருந்தாள். இப்போது அவளுக்குக் கோமுவின் உள்ளங்கை கண் முன்னால் வந்தது. அந்தக் கொட்டை பளபளவென்று இருந்தது. ஆனால் ஈரமில்லை. அன்று அழுது அழுது எச்சில் ஒழுகிய பிள்ளை வாயிலிருந்து எடுத்த கொட்டையில் ஒரு பொட்டு ஈரமில்லை.

டாக்டர் கதவுவரை போய்விட்டார்.

"சார்!" அவள் குரல் அவளுக்கே அடையாளம் தெரியவில்லை. "அவன் முழுங்கினான் சார். சீத்தாப்பழக் கொட்டை. திடீர்னுதான் வந்துது."

பாக்கியசீலன் திரும்பி அவளைப் பார்த்தான். அவள் அவன் பக்கமே பார்க்காமல், ஒரு கையால் பையைக் குடைந்து பொட்டலத்தை எடுத்து டாக்டரிடம் நீட்டினாள். "தொக்கம் எடுக்கப் போனேன் சார். இத எடுத்துக் குடுத்தாங்க. ஆனா இது அப்பவே காஞ்சுதான் இருந்துது. பாத்தேன் சார். பாத்துட்டுந்தான் நம்பினேன்."

டாக்டர் கொட்டையை விரலில் உருட்டிப் பார்த்தார். திட்டவில்லை. நேராக வந்து, பெனோவின் கழுத்தில் இரண்டு விரலை வைத்துக் காத்திருந்தார். பிள்ளை மறுபடியும் இருமினான். டாக்டரின் முகம் மாறியது.

"உள்ளதான் இருக்கு. மூச்சுக்குழாய்க்குள்ள மேலயும் கீழயும் ஆடுது."

"எக்ஸ்ரேல ஒண்ணும் இல்லயே சார்?" என்றான் பாக்கியசீலன்.

"காசு, ஊக்குன்னா தெரியும். கொட்டை எப்படித் தெரியும் சார்? இருமும்போது மேல வந்து குரல்வளை வாசல்ல சிக்கிச்சுன்னா..." அவர் முடிக்கவில்லை. நர்ஸிடம் தியேட்டரைத் தயார் பண்ணச் சொன்னார், மயக்க டாக்டரை ஓடிவரச் சொன்னார். "படுக்க வைக்காதீங்க, முதுகுல தட்டாதீங்க. அப்படியே மடியில வச்சிருங்க."

அதற்குப் பிறகு வந்த பத்து நிமிஷத்தை டெபோரா ஆயுசுக்கும் மறக்க மாட்டாள். அசைந்தால் கொட்டை அசையுமோ என்று அவள் கல்லாய் உட்கார்ந்திருந்தாள். பிள்ளைக்கு இருமல் வரப்போவதை அவன் வயிறு இறுகுவதிலேயே அவளால் சொல்ல முடிந்தது. ஒவ்வொரு தடவையும், இது மட்டும் வேண்டாம் ஆண்டவரே, இது மட்டும் வேண்டாம் என்று கெஞ்சினாள். பாக்கியசீலன் சம்மதத் தாளில் கையெழுத்துப் போட்டான். பரீட்சைத் தாள்களில் முத்து முத்தாக எழுதுகிற கை, தன் பெயரையே கோணல்மாணலாக எழுதியது. பச்சை உடுப்புக்காரர்கள் வந்து பிள்ளையை வாங்கிக்கொண்டு போனார்கள். கதவு மூடியது. மூன்று நாளில் முதல் தடவையாக அவள் காதில் அந்தச் சத்தம் இல்லை. மடி வெறுமையாகக் கிடந்தது.

இருவரும் பெஞ்சில் உட்கார்ந்திருந்தார்கள். அவன் திட்டுவான் என்று அவள் காத்திருந்தாள். திட்டினால்கூடத் தேவலை என்று இருந்தது.

"மூணு நாள்," என்றான் கடைசியில். "என்கிட்ட ஒரு வார்த்த சொல்லியிருக்கலாமேட்டி."

"ஒங்கட்டதாங்க சொல்ல முடியல" என்றாள் அவள்.

அவன் அவளுடைய கைப்பையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டான்.

முக்கால் மணி நேரம் கழித்து டாக்டர் வெளியே வந்தார். கையில் ஒரு சின்ன பாட்டில். "குழாய் விட்டு எடுத்தாச்சு. பிள்ளை நல்லா இருக்கான்." பாட்டிலுக்குள் கிடந்த கொட்டையில் கோழை அப்பியிருந்தது, ஓரத்தில் ரத்தமும் ஒட்டியிருந்தது. நனைந்து, நிறம் மங்கி, பார்க்கவே அருவருப்பாக இருந்தது. டெபோரா அதை வாங்கி இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

சாயங்காலம் அவர்களை உள்ளே விட்டார்கள். பெனோ தூங்கிக்கொண்டிருந்தான். சத்தமே இல்லை. டெபோரா ஓடிப்போய் அவன் மூக்கடியில் விரலை வைத்தாள்.

"வருதா?" என்றான் பாக்கியசீலன், பின்னாலிருந்து.

"வருது."

அவன் தலையை ஆட்டிக்கொண்டு ஜன்னல் பக்கம் போனான். போன வேகத்தில் திரும்பி வந்து, அவள் விரலை மெதுவாக நகர்த்திவிட்டு, தன் விரலை வைத்துப் பார்த்தான்.