மூன்றாவது விரலின் சுருதி

1957 ஜனவரியில் புடாபெஸ்டில் அழைப்பு மணி அடித்தால் யாரும் உடனே கதவைத் திறப்பதில்லை. எதெல்கா டீச்சர் மட்டும் திறந்துவிடுவார். வயலின் கற்க மாணவர்கள் வந்துபோகும் வீடு அது.

ஷரோல்தாவுக்கு நாடக அரங்கின் இசைக்குழுவில் வேலை கிடைத்துவிட்டது. ஆனாலும் புதன்கிழமை பிற்பகலில் டீச்சரிடம் வந்து ஒரு மணி நேரம் வாசித்துக் காட்டுவாள்.

"சுருதி மறுபடியும் கீழேயே நிக்குது," என்றார் டீச்சர். "உன் மூணாவது விரலுக்கு என்னடி வந்துச்சு? டிராமை விட்டவன் மாதிரி பாதி வழியிலயே நின்னுடுது."

"குளிருது டீச்சர்."

"போன ஜூலையிலயும் குளிர்ந்துச்சா?"

டீச்சர் சுட்டுவிரலை மேலே தூக்கிக் காட்டினார். இன்னும் கொஞ்சம் உயர்த்து என்று அர்த்தம். அவரிடம் படித்த எல்லோருக்கும் அந்த விரல் தெரியும்.

மணி அடித்தது.

வந்தவர் தோல் கோட்டைக் கழற்றவில்லை. ஒரு டேப் ரெக்கார்டரை மேசைமேல் வைத்துவிட்டு, போலீஸ் அட்டையைக் காட்டினார்.

"உக்காருங்க தோழர். பயப்படாதீங்க, சங்கீத விஷயம்தான். நவம்பர்ல சோவியத் டாங்கிங்க உள்ள வந்த அன்னைக்கு வளைவுச் சாலையில ஒரு ஜன்னல்லேருந்து யாரோ வயலின் வாசிச்சிருக்காங்க. வாசிக்கவே கூடாத பாட்டு, கேட்டா உங்களுக்கே புரியும். வெளிநாட்டு ரேடியோ அதை உலகம் பூரா போட்டுடுச்சு. வில்லு இழுக்கிற தினுசு உங்க மாணவருங்களோடதுன்னு சொல்றாங்க. ஆளு யாருன்னு நீங்க சொல்லணும்."

வாசித்தவள் ஷரோல்தாதான். டீச்சரிடம்கூட அதைச் சொன்னதில்லை. அவள் கட்டடத்தில் துண்டறிக்கை வீசிய ஒருவன் இன்னும் சிறையிலிருந்து திரும்பவில்லை.

டேப் சுழன்றது. முதலில் இரைச்சல், தூரத்தில் வெடிச் சத்தம், பிறகு வயலின். ஷரோல்தா தரையைப் பார்த்தாள். மூச்சைச் சீராக விட முயன்றாள். இரண்டாம் வரியில் அந்த சுரம் வந்தது. கொஞ்சம் கீழேயே நின்றது.

டீச்சரின் சுட்டுவிரல் மேலே எழுந்தது.

அவர் யாரையும் பார்க்கவில்லை. கண்களை மூடிக் கேட்டுக்கொண்டிருந்தார். விரல் தானாக எழுந்துவிட்டது. கண் திறந்தபோது அது எந்தப் பக்கம் நீண்டிருக்கிறது என்பது அவருக்கே தெரிந்தது. ஷரோல்தாவின் பக்கம்.

வந்தவர் டேப்பை நிறுத்தினார்.

"இப்ப யாருக்குக் காட்டினீங்க?"

"பழக்கதோஷம். சுருதி விலகினா கை தூக்கிடும்."

"அப்படியா?" வந்தவர் ஷரோல்தா பக்கம் திரும்பினார். "நீங்க வாசிங்க பாப்போம். இதே வரி."

ஷரோல்தா எழுந்தாள். வில்லை எடுப்பதற்குள் டீச்சர் அவள் கையிலிருந்து வயலினை வாங்கிக்கொண்டார்.

"சின்னப் பொண்ணைப் போய் ஏன் மிரட்டுறீங்க? தப்பு எங்கேருந்து வந்துச்சோ அங்க கேளுங்க."

டீச்சர் வாசித்தார். மூன்றாவது விரல் அதே இடத்தில், அதே அளவு கீழே விழுந்தது. டீச்சர் சுருதி பிசகி வாசித்து ஷரோல்தா ஒரு நாளும் கேட்டதில்லை. வில் லேசாக நடுங்கியது. அந்த நடுக்கத்தை மட்டும் அவர் வேண்டுமென்று செய்யவில்லை.

"என்கிட்டேருந்துதான் எல்லாருக்கும் தொத்துது," என்றார் டீச்சர். "எத்தனை வருஷமா அவங்களைத் திருத்துறேன். என்னைத் திருத்த ஆளில்லை."

"அப்ப ஜன்னல்ல நின்னது?"

"கேட்டீங்கல்ல."

வந்தவர் டேப்பை மறுபடி போட்டுப் பார்த்தார். பிறகு பெட்டியை மூடினார்.

"கோட்டு போட்டுக்குங்க."

ஷரோல்தா வாயைத் திறந்தாள். டீச்சர் அவளைப் பார்த்தார். தாளம் தவறினால் பார்க்கும் அதே பார்வை. அவள் வாயை மூடிக்கொண்டாள்.

"அடுப்புல பீன்ஸ் சூப் இருக்கு. பசிச்சா குடி," என்றார் டீச்சர். ஒரு பித்தான் துளையில் நுழையவில்லை. அப்படியே விட்டுவிட்டார்.

"அடுத்த புதன் வகுப்பு இருக்காதும்மா," என்றார் வந்தவர், போகிற போக்கில்.

காலடிகள் படியிறங்கின. முற்றத்தைச் சுற்றிய மாடி நடையில் ஒவ்வொரு கதவாகச் சாத்தும் சத்தம் கேட்டது. கீழே கார் கிளம்பியது. கட்டடம் முழுவதும் காதைத் தீட்டிக்கொண்டு நின்றது. வகுப்பு நேரம் முடியுமுன் வயலின் ஓய்ந்துவிட்டால், அறையில் மிச்சமிருப்பவள் எதற்குப் பயந்தாள் என்று யாராவது யோசிக்கக்கூடும்.

வகுப்பு முடிய இன்னும் நேரம் இருந்தது. ஷரோல்தா வயலினைத் தோளில் வைத்து, கீழ் சுரத்திலிருந்து வரிசையை வாசிக்கத் தொடங்கினாள்.