பழைய ஆட்டம் அழிந்துவிடும், சம்மதமா

என் அக்கா பிரவீனா திருச்செங்கோட்டிலிருந்து ஒரு கைப்பையோடு பஸ்ஸில் வந்து இறங்கிய அன்று, எங்கள் பண்ணையில் பழைய கோழிகளை லாரியில் ஏற்றிக்கொண்டிருந்தார்கள். முட்டை குறைந்த கோழிக்கு நாமக்கல் பக்கம் பிரிவு உபசார விழா நடத்தும் வழக்கம் இல்லை. காலைப் பிடித்துத் தலைகீழாகத் தூக்கிக் கூண்டில் அடைத்தால் முடிந்தது. அப்பா மயில்சாமி கோழிகளை எண்ணிக்கொண்டிருந்ததால் மகள் வந்ததைப் பார்க்கவில்லை. பார்த்த பிறகும் கொஞ்ச நேரம் கோழிகளையே எண்ணினார்.

அம்மா சௌந்திரம் அக்காவைத் தாண்டி ரோட்டைப் பார்த்தாள்.

"மாப்பிள்ளை வண்டிய நிறுத்தீட்டு வாராரா?"

"நான் மட்டுந்தாம்மா வந்தேன்."

கல்யாணமாகி ஏழாவது மாதம். அந்த மாதத்தில் பெண் தாய்வீட்டுக்கு வருவதற்கு எங்கள் சொந்தபந்தத்தில் ஒரே ஒரு காரணம்தான் அனுமதிக்கப்பட்டிருக்கிறது. அம்மா அக்காவின் வயிற்றைப் பார்த்தாள். அது இல்லை என்று தெரிந்ததும் உள்ளே போய் உலையில் இன்னும் ஒரு பிடி அரிசி போட்டாள்.

எப்படிக் கேட்டாலும் அக்கா ஒரே பதிலைத்தான் சொன்னாள்.

"என்ற கேமை அழிச்சுட்டாரு."

அம்மாவுக்கு அழிப்பது என்றால் நகைதான். "அழிச்சுப்போட்டு என்ன செஞ்சாரு, வளையலா?" என்று கேட்டாள்.

கேம் என்பது இதுதான். அக்கா ஒன்பதாவது படிக்கும்போது, சிங்கப்பூரில் வேலை பார்த்த சித்தப்பா ஒருவர், யாரோ வேண்டாமென்று போட்ட கேம்பாய் ஒன்றைக் கொண்டுவந்து கொடுத்தார். உள்ளங்கைக்குள் அடங்கும் பெட்டி. பின்பக்கம் செருகுவதற்கு ஒரு கேசட். கேசட்டுக்குள் ஓர் ஆட்டம். ஒரு கிராமத்துப் பொடியன் வாளை எடுத்துக்கொண்டு கிளம்பி, ஊர் ஊராகப் போய் ஆள் சேர்த்து, கடைசியில் ஒரு கோட்டைக்குள் நுழைந்து ராட்சசனைக் கொல்ல வேண்டும். ஆடியதைச் சேமித்துவைக்க அந்தக் கேசட்டில் ஒரே ஓர் இடம்தான் உண்டு. யாராவது முதலிலிருந்து ஆட வேண்டுமானால், ஏற்கெனவே இருப்பது போய்விடும்.

அக்கா அதைப் பத்து வருஷம் ஆடினாள். ராட்சசனை மட்டும் கொல்லவில்லை. கோட்டை வாசல் வரைக்கும் போய்த் திரும்பிவிடுவாள். ஆற்றில் மீன் பிடிப்பாள். எப்போது போனாலும் ஒரே வாக்கியத்தைச் சொல்லும் ஒரு கடைக்காரனிடம் போய் அந்த வாக்கியத்தைக் கேட்டுவிட்டு வருவாள். உள்ளே போனால்தான் என்ன என்று ஒருமுறை கேட்டேன். "போனா முடிஞ்சிரும்" என்றாள். கல்யாணத்தின்போது கட்டில், பீரோ, மிக்சி என்று சீர் ஏற்றியவர்கள் கண்ணில் அது படவில்லை. அவளே புடவைகளுக்கு நடுவில் வைத்து எடுத்துக்கொண்டு போனாள்.

சமாதானம் பேச ஒரு ஞாயிற்றுக்கிழமையைக் குறித்தார்கள். நடுவர் கண்ணுசாமி பெரியப்பா. வரப்புத் தகராறு, கிணற்றில் தண்ணீர் முறை, ஓடிப்போன பெண் எல்லாவற்றையும் ஒரே குரலில் தீர்ப்பவர். மாப்பிள்ளை கலையரசன் தன் அம்மாவோடு காரில் வந்தார். போர் போடும் ரிக் வண்டிகளுக்கு உதிரிபாகம் விற்கும் கடை வைத்திருக்கிறார். குடிக்க மாட்டார், அடிக்க மாட்டார், குரலைக்கூட உயர்த்த மாட்டார். எங்கள் தரப்பின் பெரிய பலவீனம் அதுதான்.

அவர்கள் கொண்டுவந்த தட்டை அம்மா வாங்கி நடுவில் வைத்தாள். வெற்றிலை பாக்கு, சாத்துக்குடி, ஆப்பிள், இரண்டு முழம் மல்லிகை. ஆப்பிள்களுக்கு நடுவில் அக்காவின் கேம்பாய். யாரோ அதற்குக் குங்குமப் பொட்டு வைத்திருந்தார்கள்.

"தமிழரசு, நீ இன்சினீரிங் படிக்கிற பையந்தான? இது என்ன வெவகாரம்னு எல்லாருக்கும் எடுத்துச் சொல்லு சாமி" என்றார் பெரியப்பா.

"நான் சிவிலுங்க பெரியப்பா."

"ஊடு கட்டறவனுக்கு இது தெரியாதா? சொல்லு."

சொன்னேன். "ஒரு சிலேட்டுல கணக்குப் போட்டு வெச்சிருக்கமுங்க. சிலேட்டு ஒண்ணுதான். இன்னொருத்தரு போடணும்னா நம்மளதை அழிச்சாத்தான் முடியும்."

"அழிச்சா மறுபடி போட்டுக்கறது."

"பத்து வருசத்துக் கணக்குங்க."

"அதே கணக்குத்தான? ரெண்டாவது வாட்டி வெரசா வந்துரும்."

இந்த வாதத்தில் ஓட்டை இல்லை. எங்கள் கல்லூரியில் அரியர் வைத்திருக்கும் அத்தனை பேரும் இதை நம்பித்தான் மூன்றுவேளை சாப்பிடுகிறோம்.

கலையரசன் எழுந்து நின்றார். உட்காரச் சொன்னதும் உட்கார்ந்தார்.

"நான் கை தவறி அமுத்துனேன்னு பொய் சொல்ல மாட்டனுங்க. அதுல தெளிவாத்தான் கேட்டுது. பழைய ஆட்டம் அழிஞ்சிரும், சம்மதமான்னு. நாமளும் முதல்ல இருந்து ஆடிப் பாக்கலாம்னு ஆமான்னு அமுத்துனனுங்க. இவ இப்படி எடுத்துக்குவான்னு நெனைக்கலீங்க." தட்டைக் காட்டினார். "ஆனா இவ வந்ததுல இருந்து கடை சாத்துனதுக்குப் பொறகு உக்காந்து ஆடி, அதே எடத்துக்குக் கொண்டாந்துட்டனுங்க. பணம், கத்தி, கேடயம் எல்லாம் இவ வெச்சிருந்ததைவிடக் கூடத்தான் இருக்குது. கோட்டைக்குள்ளயும் போய் முடிச்சுட்டனுங்க."

கூடத்தில் ஒரு பெருமூச்சு பரவியது. அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். எனக்கே அவர் மேல் மரியாதை வந்தது. கடைசி ராட்சசனை அத்தனை சீக்கிரம் கொல்வது லேசுப்பட்ட காரியமில்லை.

"பாரு அம்மிணி" என்றார் பெரியப்பா. "வித்த காட்டைத் திருப்பி வாங்கி, அதுல போரும் போட்டுக் குடுத்திருக்காரு. இதுக்கு மேல ஒரு மனுசன் என்ன பண்ணுவான்? நாலரைக்கு ராகு காலம். அதுக்குள்ள பையை எடுத்துட்டுக் கிளம்பு."

அக்கா சுவரில் சாய்ந்து நின்றாள். கடிகாரத்தில் நாலு.

"அத்தை" என்றாள் மாமியாரைப் பார்த்து. "நான் வந்த ரெண்டாவது மாசம் என்ற போன் நெம்பரை மாத்துனீங்க. எல்லாருக்கும் ஒரே பிளான்ல வந்தா நல்லதுன்னீங்க."

"நல்லதுதான கண்ணு?"

"பி.எட். பாதியில நிறுத்துனீங்க. இன்னொரு வருசம் முதல்ல இருந்து சேந்துக்கலாம்னீங்க."

"சேந்துக்க, யாரு வேண்டாங்கறா."

"உங்க பொண்ணு பேரும் பிரவீனாங்கறதால என்னை பிரியான்னு கூப்புட்டீங்க."

"ஒரே ஊட்டுல ரெண்டு பிரவீனா இருந்தா யாரைக் கூப்புடறதுன்னு தெரியுமா? பிரியாங்கறதும் நல்ல பேருதான."

"நல்ல பேருதானுங்க. ஆனா இது எதுக்கும் யாரும் எங்கிட்ட அழிக்கட்டுமான்னு கேக்கலைங்க. இந்தப் பொட்டி ஒண்ணுதான் கேட்டுது. அதுக்கும் இவரே ஆமான்னு அமுத்திட்டாரு."

இதற்குத் தீர்ப்புச் சொல்லப் பெரியப்பாவிடம் முன்மாதிரி எதுவும் இல்லை. வெற்றிலையை எடுத்து மடித்தார்.

அக்கா தட்டிலிருந்து கேம்பாயை எடுத்துப் பொட்டைத் துடைத்துவிட்டு, பொத்தானைத் தள்ளினாள். சன்னமான இசை கேட்டது. கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"இந்தப் பையனுக்கு என்ன பேரு வெச்சிருக்கீங்க?"

"உன்ற பேருதான்" என்றார் கலையரசன் சந்தோஷமாக. "பிரியா."

அவர் முகத்தில் கள்ளம் எதுவும் இல்லை. அவளுக்குப் பிடிக்கும் என்றுதான் வைத்திருக்கிறார். அக்கா பெட்டியை அணைத்துத் தட்டிலேயே வைத்தாள்.

"நான் என்ன பேரு வெச்சிருந்தேன்னு சொல்லுங்க. சொல்லிட்டீங்கன்னா இப்பவே வாரேன்."

"ஆட்டத்துல இருக்கற பேருக்கெல்லாம் என்னம்மா" என்று பெரியப்பா ஆரம்பித்தார்.

"அவரு ஏழு மாசம் அதைப் பாத்திருக்காருங்க. அழிக்கறதுக்கு முன்னாடியும் பாத்திருக்கணும். அழிக்கட்டுமான்னு கேக்கறப்ப அந்தப் பேரைப் போட்டுத்தான் கேக்கும்."

கலையரசன் நெற்றியைத் தேய்த்தார். "பிரவீனா?"

"இல்லைங்க."

"பிரவி?"

"இல்லைங்க."

"தம்பி பேரா இருக்கும்" என்றாள் அம்மா. அப்பா அன்று முழுக்கப் பேசியது ஒரே வார்த்தை. அதையும் கேட்டவிதம் பாவமாக இருந்தது. "மயில்சாமியா?" அக்கா இல்லை என்று தலையாட்டினாள். மாமியார் குலசாமி பேரைச் சொல்லிப் பார்த்தார். பெரியப்பா எந்தச் சினிமாவும் பார்க்காதவர், ஆனால் நாலு நடிகர்கள் பெயரைச் சொன்னார். கடைசியில் என் பக்கம் திரும்பினார்.

"ஏண்டா, கூடவே கெடந்தவந்தான நீ. உனக்குத் தெரியாதா?"

எனக்குத் தெரியவில்லை. பத்து வருஷம் அவள் தோளுக்குப் பின்னால் நின்று எட்டிப் பார்த்திருக்கிறேன். ராட்சசன் பெயர் தெரியும். கடைக்காரன் சொல்லும் வாக்கியத்தைத் தூக்கத்தில் கேட்டாலும் சொல்வேன். அந்தப் பொடியனுக்கு அவள் என்ன பெயர் வைத்தாள் என்று பார்த்ததே இல்லை.

நாலரை அடித்தது. ராகு காலத்தில் பெண்ணை அழைத்துப் போக முடியாது. பெண் இல்லாமல் போவதற்கு ராகு காலம் தடையில்லை என்று மாமியார் சொல்லி, செருப்பை மாட்டினார். கலையரசன் கேம்பாயைத் தட்டிலேயே விட்டுவிட்டுப் போனார். ஆப்பிளையும்.

அதன் பிறகு எங்கள் வீட்டில் சத்தம் குறைந்துவிட்டது. யாரும் யாரையும் திட்டவில்லை. பெரியப்பா மகள் கல்யாணத்துக்கு மூன்று பேராகப் போனோம். பத்திரிகையில் குடும்பத்துடன் வரவும் என்று போட்டிருந்தது. அம்மா அன்று காலையில், "ஊட்டுல யாராச்சும் இருக்கோணுமில்ல" என்று யாரையும் பார்க்காமல் சொன்னாள். அக்கா, தானே அதைச் சொல்ல இருந்ததுபோல், "ஆமாமா, நான் இருக்கறேன்" என்றாள். பி.எட். சேர்க்கை முடிந்திருந்தது. காலியான கொட்டகையில் சுண்ணாம்பு அடித்துப் புதுக் குஞ்சுகள் வந்தன. அக்கா அவற்றுக்குத் தண்ணீர் வைப்பாள், தட்டுகளைக் கழுவுவாள். பகலெல்லாம் அங்கேதான். அப்பா அவளுக்குச் சொல்ல வேண்டியதையும் குஞ்சுகளைப் பார்த்தே சொன்னார்.

கேம்பாயை அவள் தொடவில்லை. நான் ஒருநாள் எடுத்துப் பார்த்தேன். பிரியா கோட்டைக்கு வெளியே நின்றுகொண்டிருந்தாள். கையில் ஆட்டத்திலேயே விலை உயர்ந்த வாள். செய்வதற்கு ஒன்றுமில்லை.

கலையரசனிடமிருந்து எனக்கு வாட்ஸப் வர ஆரம்பித்தது அப்போதுதான். முதலில் வந்தது: "மாப்ள, கிருத்திகாவா? அவ காலேஜ் பிரண்டு ஒண்ணு இருந்துச்சே." நான் கொட்டகைக்குப் போய் அக்காவிடம் கேட்டேன். இல்லை என்றாள். இல்லைங்க மச்சான் என்று அனுப்பினேன். நாலு நாள் கழித்து இன்னொரு பெயர். அப்புறம் வாரத்துக்கு ஒன்று. அவளுடைய பள்ளிக்கூட ஆசிரியைகள், நாங்கள் வளர்த்த நாய், எங்கள் ஊர், கேசட்டில் வரும் குதிரை. எங்கிருந்து பிடித்தாரோ, அவளுடைய ஆறாம் வகுப்புக் குரூப் போட்டோவை அனுப்பி ஒவ்வொரு தலையாகக் கேட்டார். கடை சாத்தியதும் உட்கார்ந்து யோசிப்பார் போலிருக்கிறது. ராட்சசனைக் கொன்றதும் இப்படித்தான். அவர் மறுகல்யாணம் பேசவில்லை. பேச வந்தவர்களையும் திருப்பி அனுப்பிவிட்டார் என்று கேள்விப்பட்டு அம்மா சாமிக்குக் காசு முடிந்து வைத்தாள்.

போன வாரம் மத்தியானம் ஒரு செய்தி வந்தது. "மாப்ள, நான் தப்பாவே யோசிச்சிட்டு இருந்தனோ என்னமோ. பேர் கேக்கற எடத்துல அம்பு இங்கிலீஷ் முதல் எழுத்து மேல நிக்கும். அவசரத்துல இருக்கறவங்க அப்படியே தட்டிட்டுப் போயிருவாங்க. ஏ ஏ ஏ ஏ. அதுவா?"

தோற்றுப்போனவர் ஜோக்கடிக்கிறார் என்று நினைத்து, சிரித்துக்கொண்டே அக்காவிடம் வாசித்தேன்.

அவள் கையிலிருந்த தண்ணீர்த் தட்டு அப்படியே நின்றது. பிறகு சிரித்தாள். வந்த நாளிலிருந்து அவள் சிரித்து நான் பார்க்கவில்லை.

"எப்படிடா கண்டுபுடிச்சாரு?"

"அதுவா?"

"பேட்டரி தீர்றதுக்குள்ள ஆரம்பிச்சரணும்னு பாத்தேன். பேரு கேட்டுது. என்னத்தை வெக்கறதுன்னு தெரியலை. பொறகு வெச்சுக்கலாம்னு தட்டுனேன். பொறகு மாத்தவே முடியலை." தட்டைக் கீழே வைத்தாள். "அப்புறம் அதுவே நல்லாத்தான் இருந்துச்சு. ஒருத்தரும் என்னன்னு கேக்கலை."

போனை வாங்கி அந்தச் செய்தியைத் திரும்பத் திரும்பப் பார்த்தாள். குஞ்சுகள் அவள் காலைச் சுற்றிக் கத்திக்கொண்டிருந்தன. சொன்னது சொன்னதுதான் என்று எனக்குப் பட்டது. பை எங்கே இருக்கிறது என்றுகூட யோசித்தேன். அம்மாவைக் கூப்பிடலாமா என்று வாசல் பக்கம் திரும்பினேன்.

"இதையும் ஆடி ஜெயிச்சுட்டாரு பாரு" என்றாள் அக்கா.

அந்தச் சிரிப்பு அதற்குள் போய்விட்டிருந்தது. போனை என்னிடம் நீட்டினாள்.

"இல்லைன்னு போடு."

"அக்கா, நீதான சொன்னே, பேரைச் சொன்னா..."

"போடுறா."

போட்டேன். இல்லைங்க மச்சான். இரண்டு நீலக் கோடு உடனே விழுந்தது. அவர் எழுதிக்கொண்டிருக்கிறார் என்று காட்டியது, நின்றது, மறுபடி காட்டியது.

"சரி மாப்ள. இன்னும் யோசிக்கறேன்."

யோசிப்பார். அக்கா அதற்குள் அடுத்த வரிசைத் தட்டுகளைக் கழுவப் போய்விட்டாள்.