பொங்காத மா

நாற்பது வருடம் தபால் கந்தோரில் முத்திரை குத்திய கை என்னுடையது. குத்திய குத்தில் மூன்று மேசை பிளந்தது. அந்தக் கைக்கு ஒரு போத்தல் அரிசிமா அடங்காவிட்டால் ஆத்திரம் வராதா?

எண்பத்தைந்தாம் ஆண்டு மாசியில், என் மனுசி இலட்சுமிப்பிள்ளைக்குக் கோதுமை ஒவ்வாது, கிள்ளியும் வாயில் வைக்கக்கூடாது என்று யாழ்ப்பாணத்து டொக்டர் சொல்லிவிட்டார். கோதுமைமாவில் சுட்ட பாணும் தேங்காய்ச் சம்பலும் இல்லாவிட்டால் அவவுக்குப் பொழுது விடியாது. பிட்டு, இடியப்பம், எதைக் கொடுத்தாலும், "பாண் மாதிரி வருமே?" என்று கோப்பையைத் தள்ளிவிடுவா. இரண்டு மாதத்தில் ஆள் பாதி. காற்றடித்தால் எங்கள் ஊர் இறுப்பிட்டியிலிருந்து கடலுக்கு அப்பால் நயினாதீவுக்குப் பறந்துவிடுவாவோ என்று வேட்டித் தலைப்பில் முடிந்து வைக்காத குறை. ஒருநாள் அரிசிப் பெட்டிக்குள் பாண் ஒளித்து வைத்துத் தின்று, மூன்று நாள் வயிற்றைப் பிடித்தபடி கிடந்தா. அன்றைக்கே தீர்மானித்தேன்: அரிசிமாவில் பாண் சுடுவது.

அதற்கு முதலில் மா பொங்கவேணும். எங்கள் வீட்டில் அப்பமா பொங்க ஒரு துண்டுப் பாணைத்தான் பிசைந்து விடுவது. அதுவும் கோதுமை! ஊறுகாய்ப் போத்தலில் மாவும் தண்ணீரும் கரைத்து வைத்தேன். புளித்தது, பொங்கவில்லை. இளநீர் விட்டேன். நாறியது, பொங்கவில்லை. அந்த நாற்றத்தில் ஊர்க் காகமெல்லாம் கடல் தாண்டிப் போயின.

மற்ற வீடுகளில் கள்ளு விடுவார்கள். நானோ மதுவிலக்குச் சங்கச் செயலாளர். கள்ளு நாக்கில் பட்டதே இல்லை. வெட்கத்தை விட்டு, மரமேறும் நாகமுத்துவிடம் போனேன்.

"நாளையிலையிருந்து நாளுக்கொரு போத்தில் கள்ளு வேணும்."

"ஐயாவுக்கோ?"

"மாவுக்கு."

"ஓமோம், மாவுக்கு," என்று பல்லெல்லாம் தெரியச் சிரித்தார்.

காலையில் வேலிக்கு மேலால் போத்தல் வந்தது. விட்டேன். மா அசையவில்லை. அடுத்த நாளும் விட்டேன். போத்தலைத் துணியால் சுற்றினேன், வெயிலில் வைத்தேன், அடுப்படியில் வைத்தேன். பச்சைப் பிள்ளையைக்கூட அப்படிப் பார்த்திருக்கமாட்டார்கள். ஒரு குமிழி? ஒன்றுமில்லை. "பொங்கித் துலையன்!" என்று நான் கத்தின கத்தலில் பக்கத்து வளவு மாடு கயிறறுத்துக்கொண்டு ஓடியது.

ஆறாம் நாள் பொறுக்க ஏலாமல், சங்கத்தை மறந்து, அன்றைக்கு வந்த போத்தலில் விரலைத் தோய்த்து நக்கினேன்.

தேன் இனிப்பு! சுண்ணாம்பு பூசின முட்டியில் இறக்கின, புளிக்காத கருப்பணி! மா எப்படிப் பொங்கும்?

நாகமுத்துவிடம் பாய்ந்தேன்.

"ஐயா, கோவிக்காதேங்கோ. நீங்கள் கேட்ட அண்டைக்கே வீட்டு அம்மா வந்து சொன்னவா, ஐயாவுக்குக் கருப்பணியைக் குடு எண்டு."

வீட்டுக்கு வந்து மனுசியைக் கேட்டேன். அவ அசையவில்லை.

"நாப்பது வருசம் குடியாத மனுசன், பென்சன் எடுத்தவுடனை நாளுக்கொரு போத்தில் கள்ளுக் கேட்டால் நான் என்ன நினைக்கிறது?"

"மாவுக்கெண்டு சொன்னனான்தானே!"

"குடிக்கிற ஆக்கள் எல்லாரும் ஏதோவொண்டுக்கெண்டுதான் வாங்கிறவை."

"உமக்குப் பாண் சுடவெல்லோ இந்தப் பாடு! நீர் இப்பிடிக் கரைஞ்சு போறதை நான் பாத்துக்கொண்டு இருக்கிறதே?"

அவ சேலைத் தலைப்பைச் செருகிக்கொண்டு தானே போய்க் கள்ளு வாங்கி வந்தா. என்னைக் கதிரையில் இருத்திவிட்டு, கடைசிச் சொட்டுவரை மாவுக்குள் ஊற்றி, போத்தலைக் கவிழ்த்துக் காட்டினா. மத்தியானம் மா மூடியைத் தள்ளிக்கொண்டு எழும்பியது. நான் எழும்பி ஆடாததுதான் குறை.

தாச்சியில் ஊற்றி, மேலும் கீழும் தணல் போட்டுச் சுட்டேன். வந்தது பாண் இல்லை, செங்கல். அதை வைத்து ஒரு மதில் கட்டியிருக்கலாம். அவ ஒரு துண்டை உடைத்துச் சம்பலில் தோய்த்து மென்றா.

"இது பாண் இல்லை," என்றா.

என் ஆறு நாள்! என் மதுவிலக்கு விரதம்!

பிறகு இன்னொரு துண்டை உடைத்தா. பிறகு இன்னொன்று. கோப்பை வெறுமையானது. அடுத்த நாளும் வயிறு நோகவில்லை.

"இனிக் காலமை காலமை சுடுவம். நான் நாகமுத்துவிட்டைச் சொல்லிவிடட்டே?" என்றேன்.

"தேவையில்லை. கள்ளு விட்ட மாவிலை ஒரு சிரட்டை எடுத்து வைச்சிருக்கிறன். அதிலை மாவும் தண்ணியும் சேத்துச் சேத்து வளக்கலாம்."

"எங்கை வைச்சனீர்?"

அலுமாரியில் வைத்துப் பூட்டியிருந்தா. திறப்பு அவவின் இடுப்பில்.