வெறும் பருத்திச் சட்டை

என் புருஷனை நான் கண்ணால் பார்த்ததைவிடக் காதால் கேட்டதுதான் அதிகம். கல்யாணமான மூன்று வருஷமும் அவர் மாதத்துக்கு ஒரு தடவை கொழும்பிலிருந்து ரயிலேறி மலையில் நானுஓயா ஸ்டேஷனில் வந்து இறங்குவார். ஞாயிறு பூசை முடிந்ததும் திரும்பிவிடுவார். மற்ற நாளெல்லாம் எனக்கு அவர் இராமையா கடை ரேடியோவுக்குள்தான் இருந்தார். நான் டீச்சராக இருந்த தேயிலைத் தோட்டத்துப் பள்ளிக்கூடத்தைப் பூட்டிவிட்டு நேரே கடைக்குப் போய் பெஞ்சில் உட்காருவேன். "செய்திகள் வாசிப்பது இக்னேசியஸ்" என்றதும் பக்கத்திலிருப்பவர்கள் என்னைத் திரும்பிப் பார்ப்பார்கள். பெருமையை மறைக்கத் தெரியாமல் நான் முந்தானையை இழுத்து விட்டுக்கொள்வேன்.

தோட்டத் தொழிலாளர்களின் வரிசை வீடான லயத்தில் பிறந்து, மாதா கோயிலில் வாசகம் வாசித்துப் பழகி, கொழும்பு வானொலிக்குப் போனவர் அவர். தொழிற்சங்கத் தலைவர் ஆண்டியப்பன் அவருக்கு மாலை போட்டு, "இது நம்ம தோட்டத்துக் குரல்" என்று மேடையில் பேசினார். அந்த மாலை போட்ட கைதான் பிறகு ரேடியோவை நிறுத்தியது.

அறுபத்திரண்டாம் வருஷம் ஐப்பசி மாதம் சீனாவுக்கும் இந்தியாவுக்கும் எல்லையில் சண்டை மூண்டது. பாட்டன் காலத்தில் அங்கிருந்து இங்கே வந்த எங்கள் ஆட்கள் இந்தியாவைக் கண்ணால் பார்த்ததில்லை. இந்த நாட்டில் ஓட்டு இல்லை, அந்த நாட்டிலும் யாரும் வா என்று கூப்பிடவில்லை. ஆனாலும் சண்டை தங்களுடையது என்று எடுத்துக்கொண்டார்கள். பல் விளக்கும்போதே படை நடத்தினார்கள். உண்மையிலேயே அந்தச் சண்டையில் பங்கிருந்தது ஒருத்திக்குத்தான். கொழுந்து பறிக்கும் வீரம்மாளின் மகன் சின்னராசா மாமன்காரனோடு திருச்சிப் பக்கம் போய், அங்கேயே பட்டாளத்தில் சேர்ந்திருந்தான். எல்லை மலைக்கு ஏற்றிவிட்டார்கள் என்று ஒரு கடிதம் வந்தது. அதற்குப் பிறகு ஒன்றும் வரவில்லை. வீரம்மாள் கடைக்கு வந்தால் பெஞ்சில் உட்காரமாட்டாள். தூணோரம் நின்று கேட்டுவிட்டுப் பேசாமல் போய்விடுவாள்.

தினமும் செய்தி முடிந்ததும் ஐந்து நிமிஷம் போர்முனைக் குறிப்பு. அதை எழுதுவதும் வாசிப்பதும் என் வீட்டுக்காரர்தான். ஒருநாள் இந்தியப் படை பின்வாங்கிவிட்டது என்றார். அதோடு நிறுத்தியிருக்கலாம். "பனிமலையில் நிற்கும் சிப்பாய்கள் பலருக்குக் கம்பளி உடுப்பு இல்லை. வெறும் பருத்திச் சட்டையோடுதான் நிற்கிறார்கள்" என்று, எனக்குப் பிடித்த அதே நிதானமான குரலில் சொன்னார்.

ஆண்டியப்பன் எழுந்து போய் ரேடியோவை நிறுத்தினார்.

"நம்ம பட்டாளத்துக்கு உடுப்பு இல்லியாம்! யாருகிட்ட காசு வாங்கிட்டு இவன் இப்படிப் பேசுறான்?"

"தலைவரே, தெரியாம சொல்லமாட்டாங்க" என்றேன்.

"நீங்க சும்மா இருங்க டீச்சரம்மா. புருசன விட்டுக்குடுப்பீங்களா?"

அடுத்த நாளிலிருந்து "செய்திகள் வாசிப்பது" என்பது வரைக்கும்தான் கேட்கும். பெயர் வருவதற்குள் இராமையா குமிழைத் திருகிவிடுவார். நான் உட்கார்ந்தால் பெஞ்சில் மற்றவர்கள் எழுந்துவிடுவார்கள். இரண்டு நாள் வீம்புக்கு உட்கார்ந்து பார்த்தேன். பிறகு போகவில்லை. பள்ளிக்கூடத்தை ஒட்டிய இரண்டு அறை வீட்டில் சாயங்காலமானால் மழைச் சத்தமும் நானும்தான். அடுப்போடு பேசினேன், பானையைத் திட்டினேன். அவர்மேல் அப்படி ஒரு கோபம். அந்தக் குரல் கேட்காமல் எனக்குச் சோறு இறங்கவில்லை என்பதையும் சொல்லத்தான் வேண்டும்.

ஆண்டியப்பன் சுற்றுத் தோட்டங்களிலும் கைநாட்டு வாங்கி என் வீட்டுக்காரரை நீக்கச் சொல்லி வானொலி நிலையத்துக்கு மகஜர் அனுப்பினார். பட்டாளத்துக்காக என்று சொல்லித்தான் வாங்கினார்கள். வீரம்மாளும் வைத்தாள். ஒரு வாரத்தில் அவரை ஒலிவாங்கியிலிருந்து இறக்கிவிட்டார்கள். வேலைநாளில் டிரங்குப் பெட்டியோடு அவர் மலையேறி வந்தார். வழியில் ஒருவரும் ஒரு வார்த்தை கேட்கவில்லையாம்.

"நெலையத்துப் பெரியவர் அந்த வரிய அடிச்சுட்டாரு. அப்படியும் நான் வாசிச்சேன்" என்றார்.

"எதுக்குங்க? ஒரு வரிய விட்டா குடியா முழுகிப்போயிரும்?"

"மூணு நிருபருங்க மூணு எடத்துலருந்து எழுதியிருந்தாங்க நாயகி. பின்வாங்கினாங்கன்னு மட்டும் சொன்னா, பயந்து ஓடுனாங்கன்னு ஆயிரும். குளிர்ல வெரல் வெறைச்சவன் துப்பாக்கிய எப்படிப் புடிப்பான்?"

எனக்கு அது நியாயமாகத்தான் பட்டது. நியாயம் சோறு போடுமா என்று மட்டும் கேட்டேன். அவர் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். அதற்குப் பிறகு வீட்டில் அவர் இருந்தும் குரல் இல்லை.

ஆண்டியப்பன் கெட்டவர் இல்லை. வெள்ளிக்கிழமை அவரே வாசலுக்கு வந்தார். "ஞாயித்துக்கெழம பெரட்டுக் களத்துக்கு வாப்பா. தெரியாம சொல்லிட்டேன்னு எல்லாரு முன்னாடியும் ஒரு வார்த்த சொல்லு. நான் வெத்தல குடுத்துர்றேன். மகஜர வாபஸ் வாங்கிர்றோம்" என்றார். பெரட்டுக் களம் என்பது காலையில் பெயர் கூப்பிட்டு வேலை பிரிக்கும் இடம். எங்கள் தோட்டத்தில் தப்புச் செய்தவன் அங்கே நின்று தப்பென்று சொல்லித் தலைவர் கையால் வெற்றிலை வாங்கிவிட்டால் விவகாரம் தீர்ந்தது. பிறகு யாரும் அதைப் பேசக்கூடாது.

"சொல்லிருங்க" என்றேன். கெஞ்சினேன் என்றே சொல்லலாம்.

தலைவர் போனதும் அவர், "ஒனக்காகச் சொல்றேன்" என்றார். எனக்கு அது போதும்.

சனிக்கிழமை மத்தியானம் நல்ல மழை. வீரம்மாள் மலையிலிருந்து நேரே எங்கள் வீட்டுக்கு வந்தாள். தலையில் கவிழ்த்திருந்தது வெறும் சாக்கு. எங்கள் பெண்கள் குளிருக்கும் மழைக்கும் தலையோடு போர்த்திக்கொண்டு கொழுந்து பறிக்கிற கம்பளியை அவள் மடித்து நெஞ்சோடு அணைத்து வைத்திருந்தாள். கொழுந்து வாசனையும் புகை வாசனையும் அடித்தது.

"தம்பி, நீங்க சொன்னத அன்னிக்குத் தூணோரம் நின்னு கேட்டேன். அதுலருந்து தூக்கமில்ல. இத அவனுக்குச் சேத்துருங்க" என்றாள்.

அவர் என்னைப் பார்த்தார். நான் தரையைப் பார்த்தேன்.

"அக்கா, நாளைக்குக் களத்துல நான் சொன்னது தப்புன்னு சொல்லப்போறேங்க."

வீரம்மாள் குழம்பிப்போய் நின்றாள். "நீங்க தப்புன்னு சொல்லிட்டா அவனுக்குக் குளிராதுங்களா தம்பி?"

கிண்டல் இல்லை. அவள் மெய்யாகவே கேட்டாள். அவள் கம்பளியை வாசல்படியில் வைத்துவிட்டு, சாக்கைச் சரிசெய்துகொண்டு மழையில் இறங்கிப் போனாள். கம்பளியை உள்ளே எடுத்து அடுப்போரம் காயப்போட்டது நான்தான்.

ஞாயிற்றுக்கிழமை களம் நிறைந்திருந்தது. ஆண்கள் முன்னால், பெண்கள் ஓரத்தில். ஆண்டியப்பன் தட்டில் வெற்றிலையோடு நின்றார். "சொல்லுப்பா, ஒரு வார்த்ததான்" என்றார், மகனிடம் சொல்வதுபோல.

என் வீட்டுக்காரர் நடுவில் போய் நின்றார். கை கூப்பவில்லை. வானொலித் தமிழும் வரவில்லை, லயத்துப் பேச்சுதான் வந்தது.

"நான் சொன்னது நெசந்தாங்க. அங்க குளிருது. நம்ம புள்ளைங்க பருத்திச் சட்டையோட நிக்கிறாங்க. இல்லேன்னு சொல்ல எனக்கும் ஆசதான். சொல்ல முடியல."

ஆண்டியப்பன் கையில் எடுத்த வெற்றிலையைத் தட்டிலேயே வைத்தார். "அப்ப இனிமே உன் பாடு" என்று சொல்லி நடந்தார். ஆண்கள் பின்னாலேயே போனார்கள். யாரும் ஏசவில்லை, கல்லெடுக்கவில்லை. ஏசியிருந்தாலாவது யாரோ பேசினார்கள் என்று இருந்திருக்கும். எனக்கு அழுகையும் ஆத்திரமும் சேர்ந்து வந்தன. மடையன், மடையன் என்று வாய்க்குள் திட்டினேன். வேலை போயிற்று, இனி அந்தக் குரலை எந்த ரேடியோவிலும் கேட்கப்போவதில்லை என்று தெரிந்துவிட்டது.

களம் காலியானதும் வீரம்மாள் கிட்டே வந்தாள். ஆம்பளைகள் பேசியதில் பாதி அவளுக்குப் புரியவில்லை, முகத்திலேயே தெரிந்தது.

"குளிருதுல்ல தம்பி? அப்ப நான் குடுத்தத எந்த வெலாசத்துக்கு அனுப்பணும்?"

உலகத்து ஊர்ப்பெயர்களையெல்லாம் நாக்குத் தடுக்காமல் வாசித்த மனிதர் சொன்னது ஒரே வார்த்தை.

"தெரியலக்கா."

"பரவாயில்ல. தெரிஞ்ச ஒடனே ரேடியோவுல சொல்லிருங்க. அந்தத் தூணோரமாத்தான் நிப்பேன்" என்றாள்.

"சரிக்கா" என்றார் அவர்.