பிரபாவதிக்கு ஓர் இலை

ரத்தம் குடிக்கிற பேய்களைப் பற்றிக் கலையரசிக்குத் தெரியாத சங்கதி குறைவு. திண்டிவனத்தில் ஒரு கல்லூரியில் வரலாறு நடத்துகிறாள். வெள்ளிக்கிழமை கருத்தரங்கில் வாசிக்க வேண்டிய கட்டுரையில் பிள்ளைத்தாய்ச்சிகளையும் கைக்குழந்தைகளையும் தேடி வருகிற பாபிலோன் லமாஷ்டு இருந்தாள். பெற்ற பிள்ளைகளைப் பறிகொடுத்த கிரேக்கத்து லாமியா இருந்தாள். பிரசவத்தில் செத்துப் பேயான மலாய் தேசத்து லாங்சுயரும் இருந்தாள். ஐரோப்பாவில் சில ஊர்களில் புதைத்த பிணத்தைத் தோண்டிப் பார்த்து, வயிறு உப்பி வாயோரம் ரத்தம் கசிந்திருப்பதைக் கண்டு, 'குடித்துவிட்டு வந்து படுத்திருக்கிறது' என்று முடிவு கட்டினார்களாம். அழுகுகிற பிணம் அப்படித்தான் இருக்கும் என்று அவர்களுக்குச் சொல்ல ஆளில்லை. காரணம் தெரியாத ஒவ்வொரு நோய்க்கும் மனிதன் ஒரு பேயைப் பெற்றெடுக்கிறான் என்று கட்டுரையை முடித்திருந்தாள். அந்த வரியை எழுதியபோது அவளுக்கே தன்மேல் ஒரு மரியாதை வந்தது.

எழுதியவளுக்கு ஏழாவது மாதம் நடந்துகொண்டிருந்தது. உதடும் நகமும் வெளுத்துக் கிடந்தன. மாடிப்படி ஏறினால் மூச்சு வாங்கியது. விழுப்புரம் மாவட்டத்து வல்லத்துக்குப் பக்கத்தில் அவள் வாழ்க்கைப்பட்ட ஊருக்கு வருகிற நர்ஸ் சங்கவி, விரலில் குத்திப் பார்த்துவிட்டு முகம் மாறினாள்.

"அக்கா, ரத்தம் ஏழுக்கும் கீழ எறங்கிடுச்சு. ஜல்தியா விழுப்புரம் போய் அட்மிட் ஆவுங்க. ரத்தம் ஏத்தணும். லேட் பண்ணா உங்களுக்கும் ஆபத்து, கொழந்தைக்கும் ஆபத்து."

"வெள்ளிக்கிழமை செமினார் முடியட்டும் சங்கவி."

சத்து மாத்திரை பாதி மேசை இழுப்பறையிலேயே கிடந்தது, போட்டால் குமட்டுகிறதாம். ஊருக்குத்தானடி உபதேசம் என்று பெரியவர்கள் சும்மாவா சொன்னார்கள்?

உண்மையில் கருத்தரங்கு ஒரு சாக்கு. கலையரசி, செல்வகுமாருக்கு இரண்டாம் தாரம். முதல் மனைவி பிரபாவதிக்கு நாள் நெருங்கும் முன்பே வீட்டில் வலி எடுத்து, பிள்ளை இறந்து பிறந்து, உதிரப்போக்கு நிற்காமல் போயிற்று. விழுப்புரம் போய்ச் சேருவதற்குள் ஆம்புலன்ஸிலேயே போய்விட்டாள். அதே சாலையில் வயிற்றைத் தள்ளிக்கொண்டு போக இவளுக்குப் பயமாக இருந்தது. அந்தப் பயத்துக்குத்தான் கருத்தரங்கு என்று பெயர் வைத்திருந்தாள்.

மாமியார் கோவிந்தம்மாளிடம் வேறு காரணம் இருந்தது.

"ரத்தம் கொறையுதுன்னா இன்னா அர்த்தம்? காட்டேரி குடிச்சிக்கினு இருக்கா. ஏழாம் மாசம் படையல் போட்டாவணும். போட்டுட்டு ஆஸ்பத்திரிக்குப் போலாம். போடாத போனா நான் வுட மாட்டேன்."

வேறு நாளாக இருந்தால் கலையரசி ஒரு பாடமே நடத்தியிருப்பாள். ஆனால் கட்டுரையில் காட்டேரிக்கு இரண்டே வரிதான் இருந்தது. படையலை நேரில் பார்த்துப் பதிவு செய்தால் கட்டுரைக்கும் ஆயிற்று, மாமியார் வாயும் அடைபடும். ஒரே கல்லில் இரண்டு மாங்காய். சரியென்று தலையாட்டினாள்.

புதன்கிழமை முற்பகல் ஏரிக்கரைக்குப் போனார்கள். இந்தப் படையலில் ஆண்கள் நிழல்கூடப் படக்கூடாது என்பதால் செல்வகுமார் சாலையோரம் காரிலேயே உட்கார்ந்துவிட்டான். கூட வந்த பங்காளி வீட்டுப் பெண்கள் கல் கூட்டி அடுப்பு மூட்டினார்கள். கறுப்புக் கோழி குழம்பானது. கேப்பைக் களி, கருவாடு, முருங்கைக்கீரை எல்லாம் அங்கேயே தயாராயின. மிஞ்சியது எதுவும் வீட்டுக்குத் திரும்பக்கூடாதாம். கலையரசி செல்போனில் ஒலிப்பதிவைப் போட்டுப் பக்கத்தில் வைத்துக்கொண்டாள்.

ஒரு காட்டேரிக்கு ஓர் இலைதானே இருக்கும் என்று நினைத்திருந்தாள். கோவிந்தம்மாள் மூன்று இலைகளை விரித்தாள். களியும் குழம்பும் வைத்து, பெயர் சொல்லிக் கூப்பிட்டாள். முதல் பெயர் கோவிந்தம்மாளுடைய மாமியாரின் ஓரகத்தியுடையது. இரண்டாவது, தாய்வீட்டுக்குப் பிரசவத்துக்கு வந்த ஒரு நாத்தனாருடையது. இரண்டு பேரும் பிள்ளைப்பேற்றில் செத்தவர்கள். மூன்றாவது இலைக்கு வந்தபோது கருவாட்டுச் சட்டியை ஒதுக்கிவிட்டு, பைக்குள்ளிருந்து திண்டிவனத்துப் பிரியாணிப் பொட்டலம் ஒன்றை எடுத்துப் பிரித்தாள்.

"பிரபா, வாம்மா. உனக்குக் கருவாடு ஆவாதுன்னு தெரியும். சாப்புடு."

கலையரசிக்குச் சுருக்கென்றது. பிறகு கோபம் வந்தது.

"அத்தை, அவங்களையா காட்டேரின்றீங்க? உங்க மருமவதானே அவங்க. செத்தும் அவங்களுக்கு இந்தப் பேரா?"

கோவிந்தம்மாள் பிரியாணியோடு வந்த முட்டையை உரித்து இலையில் வைத்துவிட்டு நிமிர்ந்தாள்.

"ஒடம்புல இருந்த ரத்தம் பூரா போயி செத்தவம்மா. அவளுக்குத் தாகம் எடுக்காதா? கெட்டவன்னு நானா சொன்னேன்? தாகத்துல வர்றா. வயித்துக்குப் போட்டு அனுப்புறோம்."

கலையரசியின் கட்டுரையில் நான்கு தேசத்துப் பேய்கள் இருந்தன. பார்த்துப் பயந்தவர்களின் அறியாமை இருந்தது. தாகம் எடுத்த பெண் ஒருத்திகூட இல்லை. லாமியாவையும் லாங்சுயரையும் யாரும் வா என்று கூப்பிட்டு, பிடித்ததைக் கேட்டு வைத்தார்களா என்று அவள் தேடிப் பார்த்ததே இல்லை. அவளுக்குப் பிரபாவதியை நினைத்து அழுகை வந்தது. கூடவே, மூன்று இலைக்குப் பக்கத்தில் நாலாவதாக ஓர் இலை போடத் தாராளமாக இடமிருப்பதும் கண்ணில் பட்டது. அதில் தனக்காக என்ன வைப்பார்கள் என்று யோசித்தாள்.

ஒலிப்பதிவை நிறுத்தினாள்.

"இப்டியே விழுப்புரம் போயிடலாம் அத்தை."

"செமினாரு?"

"கெடக்குது."

மறுநாள் மதியம் வார்டில் அவளுக்கு ரத்தம் ஏறிக்கொண்டிருந்தது. ரத்தம் கொடுத்தவர் யாரென்று ஒருவருக்கும் தெரியாது. முகமறியாத யாரோ ஒருவருடைய ரத்தம் சொட்டுச் சொட்டாக உடம்புக்குள் இறங்க, வயிற்றில் பிள்ளை ஓர் உதை விட்டது. ஸ்டூலில் உட்கார்ந்திருந்த கோவிந்தம்மாள் எழுந்து, கொண்டுவந்திருந்த துண்டால் ரத்தப் பையைச் சுற்றி மூடினாள். சொட்டு விழுகிற குழாயை மட்டும் நர்ஸ் பார்க்க விட்டுவைத்தாள்.

கலையரசிக்குச் சிரிப்பு வந்தது. "இன்னா அத்தை, காட்டேரி வந்து குடிச்சிடுவான்னு பயமா?"

"பயம் இன்னாத்துக்கு?" கோவிந்தம்மாள் துண்டின் முனையை இழுத்துச் செருகினாள். "அவ பாத்தா ஏங்கிப் போயிடுவாம்மா. அன்னிக்கு அந்தப் பொண்ணுக்கு இதுல ஒரு சொட்டு கெடைக்கலியே."

துண்டு ஒரு பக்கம் நழுவியது. கலையரசி ஊசி குத்தாத கையை நீட்டி அதை இழுத்துப் பிடித்துக்கொண்டாள்.