மேஜைக்கு அடியில் ஒரு கால்

மேடை ஏறினால் என் மாப்பிள்ளைக்குக் காது அடைத்துவிடும். அத்தனை பயம். கூட்டம் சிரிக்கிறதா, கொட்டாவி விடுகிறதா என்றே தெரியாது. என் தங்கை போயும் போயும் இவனைத்தான் கட்டிக்கொண்டாள்.

அதனால் காமெடி ஜோடியான நாங்கள் இரண்டு பேரும் எப்போதும் ஒரு நீள மேஜைக்குப் பின்னால் செருப்பைக் கழற்றிவிட்டு உட்காருவோம். சிரிப்பு எழுந்தால் அவன் கட்டைவிரலை மிதிப்பேன். அடங்கினால் காலை எடுப்பேன். அடுத்த வசனம் வரும். டிவியிலும் அதே மேஜை, அதே மிதி.

பிறகு சினிமா கூப்பிட்டது.

மூன்றே சுவர் உள்ள வீடு. ஜன்னலுக்கு வெளியே துணியில் வரைந்த வானம், விளக்கில் செய்த வெயில். நடுவில் புகை மெல்ல மிதந்தது. எல்லாரும் ஓசையில்லாமல் நடந்தார்கள். யாரும் சிரிக்கக் கூடாதாம், மைக் பிடித்துவிடுமாம். நான் முழித்திருக்கிறேனா என்றே சந்தேகமாக இருந்தது.

"இது அவரோட க்ளோசப். நீங்க போய் ரெஸ்ட் எடுங்க சார்" என்றார் டைரக்டர்.

போனேன். மாப்பிள்ளை முதல் வசனத்தைச் சொன்னான். இரண்டாவது வரவில்லை. என் காலுக்காகக் காத்திருந்தான், பாவி. மறுபடி எடுத்தார்கள். மறுபடியும் அதே கதை. வேர்வையில் மேக்கப் வழிந்தது.

டைரக்டர் என்னைத் தனியே அழைத்தார். "இவரு தேற மாட்டாரு. ரெண்டு பேர் வசனத்தையும் நீங்களே பேசிடுங்க."

எனக்கு வந்ததே கோபம்! "அவன் இல்லாம நான் என்னத்தைக் கிழிக்கப் போறேன்? இன்னும் ஒரே ஒரு டேக் வைங்க. அதுலயும் வரலைன்னா ரெண்டு பேரும் மூட்டை கட்டறோம்."

சொன்ன பிறகுதான் உறைத்தது. சினிமா என் சின்ன வயசு ஆசை.

கேமராவுக்குக் கீழே தரையில் மல்லாந்து படுத்தேன். இல்லாத கூட்டம் சிரிப்பதாக நினைத்துக்கொண்டு, அவன் கட்டைவிரலைக் கையால் அழுத்தினேன். விட்டேன். வசனம் கொட்டியது.

படம் வெளியான அன்று கடைசி வரிசையில் உட்கார்ந்தோம். திரையில் வீட்டளவுக்கு அவன் முகம் வந்தது. அந்த நொடி என் காது அடைத்துக்கொண்டது. சிரிக்கிறார்களா, எழுந்து போகிறார்களா, ஒன்றும் விளங்கவில்லை. தண்ணீருக்குள் உட்கார்ந்திருப்பதுபோல் இருந்தது. செத்தேன் என்று கண்ணை மூடிக்கொண்டேன்.

இருட்டில் ஒரு கால் வந்து என் கட்டைவிரலை மிதித்தது. வெகுநேரம் எடுக்கவே இல்லை.