மூன்றாம் பாகத்து வெடி

வீரணனின் தம்பியை வெட்டிக் கொன்ற விருமாண்டி நாளை கொழும்புக்குக் கப்பல் ஏறுகிறான். முகமூடித் திருடன் படத்தின் கடைசிப் பாகத்தைப் பார்க்காமல் போகமாட்டான் என்று வீரணனுக்குத் தெரியும். முதல் இரண்டு பாகங்களுக்கும் போலீஸ் கண்ணில் படாமல் மேலூர்க் கொட்டகைக்கு வந்து போனவன் அவன்.

வீரணன் நேற்றே படத்தைப் பார்த்துவிட்டான். போலீஸ்காரன் மாடியேறித் திருடனைச் சுடும்போது, ஊமைப் படத்துக்குச் சத்தம் வேண்டுமென்று திரைக்குப் பின்னால் வெடி போடுகிறார்கள். அந்த வெடியில் ஒருவன் அலறினாலும் கேட்காது. வாசலில் மடியைத் தடவிப் பார்ப்பார்கள். அதனால் கொட்டகை கூட்டும்போதே உள்ளே புகுந்து, விருமாண்டி வழக்கமாகச் சாயும் மூங்கில் தூணுக்குப் பின்னால் மணலில் கத்தியைப் புதைத்தான்.

சாயங்கால ஆட்டத்துக்கு விருமாண்டி தலையில் துண்டோடு வந்தான். முன்னால் இருப்பவன் தலை மறைக்காதபடி, எல்லோரையும் போல உட்கார மணலைக் குவித்தான். தூணுக்குப் பின்னாலிருந்தும் வாரினான். அவன் கை நின்றது.

பின்னால் நின்றிருந்த வீரணன் இதை நினைக்கவே இல்லை.

விருமாண்டி திரும்பிப் பார்த்துச் சிரித்தான். "வாங்கண்ணே. பக்கத்துல உக்காருங்க."

உட்கார்ந்ததும் கத்திமுனை விலாவில் அழுந்தியது.

"படம் முடியட்டும். அப்புறம் உங்க தம்பிகிட்ட அனுப்பி வைக்கிறேன்."

"இப்பவே குத்து."

"கூட்டம் கூடிரும். படத்தை நிப்பாட்டிருவாய்ங்க. முடிவு தெரியுமாண்ணே?"

"தெரியாது."

"எனக்குந் தெரியாது. சேந்தே பாப்போம்."

திரையருகே நின்று கதை சொன்ன சோணைமுத்துவுக்குத் தொண்டை கட்டி, குரல் தூண்வரை எட்டவில்லை. போலீஸ்காரன் மாடியேறினான். வீரணன் ஒரு பிடி மணல் அள்ளினான். துப்பாக்கி உயர்ந்தது.

வெடி விழுந்தது. கொட்டகையே துள்ளியது. விருமாண்டியும் துள்ளினான். வீரணன் துள்ளவில்லை.

மணல் விருமாண்டியின் கண்ணில் விழுந்தது. வீரணன் கத்தியை அலகோடு பிடித்துப் பிடுங்கினான். இரண்டு விரல்கள் எலும்புவரை அறுபட்டன. வயிற்றில் குத்தினான். இழுத்து மறுபடி குத்தினான். சூடாக மடியில் கொட்டியது. ஜனம் விசிலடித்துக்கொண்டிருந்தது.

விருமாண்டி குருட்டுக் கையால் அவன் சட்டையைப் பற்றினான். "திருடன் செத்துட்டானாண்ணே?"

திரையில் திருடன் எழுந்து, முகமூடியைக் கழற்றிப் போலீஸ்காரன் மேல் வீசிவிட்டு, ஜன்னல் வழியே குதித்தான்.

"செத்துட்டான்," என்றான் வீரணன்.

சட்டையைப் பிடித்த கை தளர்ந்தது. விளக்குப் போடுமுன் வீரணன் ரத்தத்தின் மேல் மணலை வாரி வாரிக் குவித்தான்.

மணல் போதவில்லை.